மேருமலைக்குச் சாவி கொடுத்தவர்

எடோ காலத்து (1603–1868) ஜப்பானில் ஒரு கடிகாரக் கைவினைஞரிடம் போய், ஒரு மணி நேரம் என்பது எவ்வளவு நீளம் என்று கேட்டிருந்தால், எந்த மாதத்து மணி, பகல் மணியா இரவு மணியா என்று அவர் திருப்பிக் கேட்டிருப்பார். அந்த இரண்டு விவரங்களும் இல்லாமல் அவரால் பதில் சொல்லியிருக்க முடியாது. விடியல் தொடங்கி அந்தி வரையுள்ள வெளிச்சத்தை ஆறாகவும், அந்தி தொடங்கி மறு விடியல் வரையுள்ள இருட்டை ஆறாகவும் பகுத்து, ஒவ்வொரு பங்கையும் ஒரு ‘தோகி’ என்று எண்ணி வாழ்ந்த நாடு அது. எடோ நகரில், அதாவது இன்றைய டோக்கியோவில், கோடையின் உச்சத்தில் ஒரு பகல் தோகி நம் கணக்கில் ஏறத்தாழ 2 மணி 38 நிமிடம் நீண்டது. அதே நாளின் இரவுத் தோகி 1 மணி 22 நிமிடத்தில் முடிந்துவிடும். குளிர்காலத்தில் பகல் தோகி ஏறத்தாழ 1 மணி 50 நிமிடமாகச் சுருங்க, இரவுத் தோகி 2 மணி 10 நிமிடமாக நீளும்.

காலத்தை வளைக்கும் எந்திரம் என்றதும் கற்பனைக் கதைகளின் மினுமினுப்பான அறைகள்தான் பலருக்கும் நினைவுக்கு வரும். எனக்கு வருபவை வாதொகேய் எனப்படும் இந்த ஜப்பானியக் கடிகாரங்கள்தான். பித்தளையையும் இரும்பையும் அரத்தால் ராவி, மெய்ப்பொருள் பற்றிய ஒரு கொள்கையைப் பற்சக்கரங்களுக்குள் பூட்டி, இரண்டரை நூற்றாண்டுக் காலம் நாள்தோறும் காலத்தை வளைத்துக் காட்டிய ஒரு கைத்தொழில் உண்மையாகவே இருந்திருக்கும்போது, கற்பனையைத் தேடிப் போவானேன் என்று தோன்றுகிறது.

நீளும், குறுகும் மணியைக் கேட்டுத் தமிழர்கள் வியப்பதற்கு அதிக உரிமை கிடையாது. ராகு காலம் என்பது சூரிய உதயத்திலிருந்து அத்தமனம் வரையுள்ள பகலை எட்டாகப் பகுத்து, அதில் கிழமைக்கு ஒன்றாகக் கழிக்கப்படும் ஒரு பங்கு. எமகண்டமும் குளிகையும் அப்படித்தான். சென்னையில் பகலின் நீளம் ஆண்டுக்குள் ஏறத்தாழ 11 மணி 20 நிமிடத்திலிருந்து 12 மணி 53 நிமிடம் வரை மாறுகிறது என்பதால், முறைப்படி கணக்கிட்டால் ராகு காலம் மார்கழியில் 85 நிமிடமாகவும் ஆனியில் 97 நிமிடமாகவும் இருக்க வேண்டும். பஞ்சாங்கத்தில் அகசு என்ற தலைப்பில் அன்றன்றைய பகலின் நீளத்தை நாழிகையில் அச்சிடுவதற்கான காரணங்களுள் இதுவும் ஒன்று. ஆனால் நம் வீட்டுத் தினசரிக் காலண்டரோ, சூரியன் ஆண்டு முழுவதும் காலை 6 மணிக்கே உதிப்பதாக வைத்துக்கொண்டு, திங்கள்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9.00 வரை என்று எல்லா மாதத்துக்கும் ஒரே எண்ணைப் போட்டுவிடுகிறது. நம் முன்னோர் கணக்கில் வளைத்து வைத்திருந்ததை நாம் சுவரில் நேராக்கி மாட்டிக்கொண்டோம். ஜப்பானியர்கள் வேறு வழியில் போனார்கள். சுவரில் மாட்டிய எந்திரத்தையே வளைத்தார்கள்.

அங்கே ஐரோப்பியக் கடிகாரம் வந்து சேர்ந்தது 1551-இல், பிரான்சிஸ் சேவியர் யாமகுச்சியின் சிற்றரசர் ஓஉச்சி யோஷிதாகாவுக்குக் கொடுத்த பரிசுப் பொருள்களோடு. நம் தூத்துக்குடிக் கடற்கரையில் பரதவர்களிடையே பணியாற்றிய அதே சேவியர்தான். அவர் கொண்டுபோன எந்திரம் நாளைச் சரிசமமான மணிகளாகப் பகுத்தது. மணியை அப்படிப் புரிந்துகொள்ளாத ஊரில் அது ஒரு வேடிக்கைப் பொருள் மட்டுமே. பின்னாளில் நாடு வெளியுலகத்துக்குக் கதவைச் சாத்திக்கொண்டபோது, கையிலிருந்த அந்த எந்திர அமைப்பை வைத்துக்கொண்டே தங்கள் காலத்தைக் காட்டவைக்கும் பொறுப்பு உள்ளூர்க் கைவினைஞர்கள் தலையில் விழுந்தது.

அவர்கள் கண்ட வழியைச் சற்று நெருங்கிப் பார்க்கலாம். பழைய வாதொகேயின் உச்சியில், மணிக்குக் கீழே, தராசுக்கோல் போல ஒரு குறுக்குத்தண்டு படுத்திருக்கும். கயிற்றில் தொங்கும் பெரிய எடை கீழிறங்கும்போது சக்கரங்களை இழுக்க, கடைசிச் சக்கரத்தின் பற்கள் அந்தத் தண்டின் அச்சிலுள்ள இரண்டு தகடுகளை மாற்றி மாற்றி உதைக்கும். தண்டு இப்படியும் அப்படியும் திரும்பும். ஒவ்வொரு திருப்பத்துக்கும் ஒரு பல் விடுபடும். தண்டின் இரு கைகளின் மேல் விளிம்பிலும் ரம்பப் பல் போல நெருக்கமான வெட்டுகள் உண்டு. அந்த வெட்டுகளில் பக்கத்துக்கொன்றாகச் சிறு குண்டு தொங்கும். குண்டுகளை முனைகளை நோக்கி நகர்த்தினால் தண்டு சோம்பலாகத் திரும்பும், கடிகாரம் மெதுவாகும். நடுவை நோக்கி நகர்த்தினால் துடிப்பு கூடும், கடிகாரம் விரையும். கோடைப் பகலுக்கு வெளியே, கோடை இரவுக்கு உள்ளே. விடியலில் ஒருமுறை, அந்தியில் ஒருமுறை என்று யாராவது ஒருவர் வந்து இந்தக் குண்டுகளை மாற்றி வைத்தே தீர வேண்டும். பெருநிலக்கிழார்களான தைம்யோக்களின் மாளிகைகளில் கடிகாரம் பெரும்பாலும் இருந்ததற்கு விலை ஒரு காரணமென்றால், அதைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டியிருந்தது இன்னொரு காரணம்.

பிறகு யாரோ ஒருவருக்கு இரண்டு தண்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக வைக்கலாம் என்ற எண்ணம் உதித்திருக்கிறது. ஒன்று பகலுக்கு, மற்றொன்று இரவுக்கு. விடியலிலும் அந்தியிலும் கடிகாரமே ஒன்றை நிறுத்திவிட்டு மற்றதை எடுத்துக்கொள்ளும். அதற்கப்புறம் ஆளுக்கு வேலை, பருவக் கணக்குப்படி ஆண்டுக்கு 24 முறை, ஏறத்தாழ பதினைந்து நாளைக்கு ஒருமுறை, குண்டுகளை ஓரிரு வெட்டுகள் தள்ளி வைப்பது மட்டுந்தான். ஐரோப்பாவில் 1656-இல் ஹாய்கன்ஸ் ஊசலைக் கடிகாரத்தில் பொருத்திய பிறகு குறுக்குத்தண்டு சிறிது சிறிதாக வழக்கொழிந்தது. அது துல்லியமற்றது, எளிதில் வேகம் மாறிவிடும் என்பது அங்குள்ளோர் சொன்ன குறை. எளிதில் வேகம் மாறும் என்பதுதான் ஜப்பானியருக்கு அதில் பிடித்த குணமே. ஒரு தொழில்நுட்பம் பின்தங்கியது என்று எழுதும் வரலாற்றாசிரியர்கள், அது எந்தக் கேள்விக்குப் பதிலாக இருந்தது என்பதையும் சேர்த்து எழுதினால் நல்லது.

வேகத்தை வளைக்காமல் முகப்பையே வளைத்தவர்களும் உண்டு. அந்த வகையில் எந்திரம் சீராக ஓடும். முகப்பிலுள்ள மணி எண்கள் தனித்தனித் தகடுகளாக ஒரு வளையத்தில் நகரக்கூடியவையாக இருக்கும். பருவத்துக்கேற்பப் பகல் எண்களை அகலமாகப் பரப்பி, இரவு எண்களை நெருக்கி வைப்பார்கள். எனக்கு மிகவும் பிடித்தது தூணில் தொங்கவிடும் மெல்லிய கடிகாரம். அதில் வட்ட முகப்பே கிடையாது. எந்திரத்தை ஓட்டும் எடையிலேயே ஒரு முள் நீட்டிக்கொண்டிருக்கும். எடை நாள் முழுதும் கீழிறங்கும்போது அந்த முள் பக்கத்துப் பலகையில் மணியைச் சுட்டிக்கொண்டே இறங்கும். சில பலகைகளில் ஆண்டின் எல்லாப் பருவங்களையும் பக்கம் பக்கமாக வைத்து, ஒவ்வொரு மணிக்கும் ஒரு கோடு இழுத்திருப்பார்கள். அந்தக் கோடுகள் நேராக இரா. கோடைப் பக்கத்தில் விலகியும் குளிர்காலப் பக்கத்தில் நெருங்கியும் அலை அலையாக ஓடும். ஓராண்டுக் காலத்தின் முழு வடிவத்தையும் ஒரு கை அகலம்கூட இல்லாத பலகையில் ஒரே பார்வையில் காட்டும் வேறொரு வரைபடத்தை நான் பார்த்ததில்லை.

இதுவரை சொன்னது பொறியியல். மணியை எண்ணிய விதத்தில் வேறொன்று கலந்திருக்கிறது. நண்பகலுக்கும் நள்ளிரவுக்கும் மணி ஒன்பது முறை அடிக்கும்; அதன்பின் எட்டு, ஏழு, ஆறு, ஐந்து, நான்கு என்று இறங்கி, மறுபடி ஒன்பதுக்கு ஏறும். விடியலும் அந்தியும் ஆறு. ஒன்று, இரண்டு, மூன்று என்ற எண்ணிக்கையே அதில் இல்லை. இதற்கு வழக்கமாகச் சொல்லப்படும் விளக்கம் யின்–யாங் தத்துவத்திலிருந்து வருவது: ஓரிலக்க ஒற்றைப்படை எண்களில் ஒன்பதே உச்சம், அதுவே யாங் என்னும் ஒளித் தத்துவத்தின் நிறைவு, ஆகவே முதல் மணி ஒன்பது, இரண்டாம் மணி இரண்டு ஒன்பது, அதாவது பதினெட்டு, மூன்றாம் மணி இருபத்தேழு, பத்துகளை உதிர்த்துவிட்டு மிச்சத்தை மட்டும் அடித்தால் ஒன்பது, எட்டு, ஏழு என்று வருகிறது. நகரத்து மணிக்கூண்டுகளில் கணக்கைத் தொடங்குமுன் மூன்று அடி அடித்து மக்களின் காதைத் திருப்புவார்கள். எந்த மணியும் நான்குக்குக் குறையாது என்பதால் அந்த மூன்றை யாரும் நேரமென்று மயங்க வழியில்லை. தத்துவத்துக்காக ஏற்பட்ட ஒன்று நடைமுறைக்கும் வாகாக அமைந்துவிட்டது என்று கொள்ளலாம். அல்லது நடைமுறை முதலில் வந்து தத்துவம் பிறகு வந்து ஒட்டிக்கொண்டதோ என்னவோ. இந்த மாதிரி விளக்கங்களில் எனக்கு எப்போதும் கொஞ்சம் சந்தேகம் உண்டு.

இந்தக் கைத்தொழிலின் விசித்திரமான கிளை, கடிகாரம் நேரத்தை விட்டுவிட்டு அண்டத்தையே காட்டப் புறப்பட்டபோது முளைத்தது. அதன் வேர் நமக்கு மிகவும் தெரிந்த இடத்தில் இருக்கிறது: மேருமலை. பௌத்த அண்டவியலின்படி உலகம் தட்டையானது. நடுவே நீருக்கு மேல் 80,000 யோசனை (பழைய தொலைவு அளவு) உயர்ந்து நிற்கும் மேரு. அதைச் சுற்றி வளைய வளையமாக மலைகளும் கடல்களும். வெளிக்கடலின் நான்கு திசைகளிலும் நான்கு கண்டங்கள். தெற்கே நாம் வாழும் ஜம்புத்தீவு. சூரியனும் சந்திரனும் உதிப்பதுமில்லை, மறைவதுமில்லை. மேருவின் இடுப்பு உயரத்தில் கிடைமட்டமாகச் சுற்றி வருகின்றன. மலை மறைக்கும்போது நமக்கு இரவு. இந்தச் சித்திரம் பௌத்தத்தோடு சீனா வழியாக ஜப்பானுக்குப் போயிற்று. 18-ஆம் நூற்றாண்டில், அயல்நாட்டு நூல்களின்மீதிருந்த தடை தளர்ந்த பிறகு, பூமி உருண்டை என்று சொல்லும் வானியல் அதே சீன வழியிலும் டச்சு வழியிலும் உள்ளே வந்தது. மேரு இல்லையென்றால் மேருவைச் சொன்ன சூத்திரங்களின் கதி என்ன என்ற கேள்வி படித்த துறவிகளை உலுக்கியது.

அவர்களில் ஃபுமோன் என்ட்சூ (1754–1834) என்ற துறவி தன் வாழ்நாளையே இதற்குச் செலவிட்டார். 1810-இல் வெளிவந்த அவருடைய பெருநூல், மேருவை மையமாக வைத்துக்கொண்டே நாள், பருவம், கிரகணம் எல்லாவற்றையும் கணக்கிட்டுக் காட்ட முடியும் என்று வாதிட்டது. அவர் தொடங்கிவைத்த இயக்கத்துக்கு இந்தியப் பஞ்சாங்க இயக்கம் என்று பொருள்படும் பெயரே வைத்திருந்தார்கள். ஐரோப்பாவுக்கு எதிராக இந்தியாவை நிறுத்துவது அவர்கள் நோக்கம்.

அந்த இந்தியாவின் வானியலாளர்கள் இதே சிக்கலை ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே வேறு விதமாகத் தீர்த்துவிட்டிருந்தார்கள் என்பதுதான் இதில் வேடிக்கை. 499-ஐ ஒட்டி எழுதிய ஆர்யபடர் பூமியை உருண்டை என்றார். மேருவை மறுக்காமல் அதை வடதுருவத்தில் கொண்டுபோய் வைத்தார். உயரம் ஒரே ஒரு யோசனை என்றும் சொல்லிவிட்டார். ஒரு புராண மலையை இவ்வளவு மரியாதையாகச் சுருக்கி ஓரமாக உட்காரவைத்த சாமர்த்தியத்தை நினைத்து நான் பலமுறை சிரித்திருக்கிறேன். எந்திரத்தால் அண்டத்தைச் சுழற்றும் ஆசையும் அவருக்கு இருந்தது: இலேசான மரத்தால் எல்லாப் பக்கமும் எடை சமமான ஒரு கோளம் செய்து, பாதரசம், எண்ணெய், நீர் ஆகியவற்றின் உதவியால் காலத்துக்குச் சமமாக அது தானே சுழலும்படி அவரவர் அறிவைக் கொண்டு செய்துகொள்ள வேண்டும் என்று ஒரு சூத்திரத்தில் சொல்லிச் செல்கிறார். எப்படிச் செய்வது என்பதை விளக்கவில்லை. சூரிய சித்தாந்தம் என்ற பழைய வானியல் நூலும் தானியங்கிக் கோளத்தைப் பற்றிப் பேசிவிட்டு, அதை இரகசியமாக வைத்துக்கொள்ளச் சொல்கிறது. நம் பக்கத்து மறைஞானப் பொறியியல் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் நின்றுவிடுகிறது. சூத்திரம் இருக்கிறது, கோளம் கைக்குக் கிடைப்பதில்லை.

ஜப்பானில் கோளம் கிடைக்கிறது. என்ட்சூவும் அவருடைய சீடர்களும் வாதத்தோடு நிற்காமல், மேரு அண்டத்தை ஓடும் எந்திரமாகவே செய்து காட்ட விரும்பினார்கள். ஷுமிசென்கி என்பது அதன் பெயர். வட்டமான ஒரு தட்டு கடலாக விரிந்திருக்கும். நடுவில் இடை சிறுத்து மேலும் கீழும் அகன்ற மேரு. அதைச் சுற்றி வளையங்களாக மலைத்தொடர்கள். ஓரத்தில் நான்கு கண்டங்கள். மேலே சிறு உருண்டைகளாகச் சூரியனும் சந்திரனும். அடியில் இருக்கும் கடிகாரம் ஓட ஓட, அந்த உருண்டைகள் மேருவை வலம் வரும். 1850-ஐ ஒட்டி அந்தத் துறவிகளுக்காக இப்படிப்பட்ட எந்திரங்களைச் செய்து கொடுத்தவர் தானாகா ஹிசாஷிகே. அவர் கைவேலை ஒன்று இன்றும் கியோத்தோவின் ரியூகோகு பல்கலைக்கழகத்தில் இருக்கிறது.

தானாகா 1799-இல், கியூஷூ தீவின் குருமே ஊரில், ஆமையோட்டில் நகாசு வேலை செய்யும் ஒருவரின் மகனாகப் பிறந்தார். இளமையில் அவருக்குப் பேர் வாங்கித் தந்தவை பொம்மைகள்: தூணியிலிருந்து அம்பை எடுத்து, வில்லில் தொடுத்து, குறி பார்த்து எய்யும் சிறுவன் பொம்மை அவற்றில் புகழ்பெற்றது. பிறகு ஒசாகாவுக்கும் கியோத்தோவுக்கும் குடிபெயர்ந்து, காற்றழுத்தத்தால் எண்ணெய் தானே மேலேறும் விளக்கு ஒன்றைச் செய்து விற்றார். ஐம்பது வயதை நெருங்கும்போது அவர் செய்த காரியம்தான் என்னை அவர்மேல் பிரியம் கொள்ள வைத்தது: கியோத்தோவில் ட்சுச்சிமிகாதோ குடும்பத்தாரிடம் வானியல் பாடம் கேட்கப் போய் உட்கார்ந்தார். 10-ஆம் நூற்றாண்டில் அரசவைக்குச் சோதிடமும் சடங்கும் பார்த்த ஆபே நோ செய்மேயின் வழிவந்தவர்கள் அவர்கள். நாள் கோள் பார்ப்பது, திசை தோஷம் கழிப்பது, பஞ்சாங்கம் கணிப்பது என்று எல்லாம் சேர்ந்த ஒன்மியோதோ என்னும் யின்–யாங் வித்தைக்கு அந்த வீடே தலைமைப் பீடம். சூரியனின் போக்கைக் கற்க வேண்டுமென்றால் அங்கேதான் போக வேண்டும். தோஷமும் வானியலும் ஒரே திண்ணையில்தான் சொல்லிக் கொடுக்கப்பட்டன.

அந்தப் பாடத்தின் பலனாக 1851-இல் அவர் முடித்ததுதான் பத்தாயிரமாண்டுக் கடிகாரம் என்று பொருள்படும் பெயரால் அறியப்படுவது. உயரம் ஏறத்தாழ 60 செ.மீ. அறுகோணமாக நிற்கும் உடலில் ஆறு முகங்கள். ஒன்றில் ஜப்பானியத் தோகி, ஒன்றில் ஆண்டின் 24 பருவப் பிரிவுகள், ஒன்றில் கிழமை, ஒன்றில் அறுபது நாள் சுழற்சியின் பெயர்கள், ஒன்றில் திதியும் பிறையும், ஒன்றில் அயல்நாட்டிலிருந்து வந்த சாதாரணப் பன்னிரண்டு மணிக் கடிகாரம். உச்சியில் கண்ணாடிக் கூண்டுக்குள் ஜப்பானின் வரைபடமும், அதன்மேல் பருவத்துக்கேற்ப உயர்ந்தும் தாழ்ந்தும் செல்லும் சூரியனும் சந்திரனும். எல்லாவற்றையும் ஓட்டுவது அடிப்பீடத்திலுள்ள பித்தளைச் சுருள்விற்கள். ஒருமுறை சாவி கொடுத்தால் ஓராண்டு ஓடும் என்பது அவர் நோக்கம். பீடத்தைச் சுற்றிலும் பீங்கான் பூச்சும் சிப்பிப் பதிப்புமாக அலங்காரம்.

அந்த ஆறு முகங்களில் தோகி முகத்துக்குப் பின்னால்தான் அவருடைய மேதைமை ஒளிந்திருக்கிறது. முகப்பின் மணித்தகடுகள் ஆண்டுப் போக்கில் தாமே விலகி, தாமே நெருங்க வேண்டும். மனிதக் கை படக்கூடாது. எந்திரமோ ஒரே திசையில்தான் சுற்றும். ஒரே திசைச் சுழற்சியை, அரையாண்டுக்கு ஒருமுறை திசை மாறும் ஊசலாட்டமாக மாற்றுவதற்கு அவர் வெட்டிய பற்சக்கரம் பார்ப்பதற்கு ஒரு பூச்சியைப் போல இருக்கிறது. ஆய்வாளர்களும் அதைப் பூச்சிச் சக்கரம் என்றே அழைக்கிறார்கள். 2004-இல் அரசு ஆதரவோடு ஏறத்தாழ நூறு பொறியாளர்கள் சேர்ந்து இந்தக் கடிகாரத்தைப் பிரித்து ஆராய்ந்தபோது, ஆயிரத்துக்கும் மேற்பட்ட உறுப்புகள் இருப்பதையும், அவற்றில் பெரும்பாலானவை அரத்தாலும் ரம்பத்தாலும் கையாலேயே செய்யப்பட்டவை என்பதையும் கண்டார்கள். அவர்கள் செய்த மறுபடைப்பு 2005-இல் ஐச்சி உலகப் பொருட்காட்சியில் வைக்கப்பட்டது. மூலம் டோக்கியோவின் உவேனோவில், தேசிய இயற்கை–அறிவியல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

ஒரே மனிதர், ஏறத்தாழ ஒரே ஆண்டுகளில், மேருவைச் சுற்றும் சூரியனையும் செய்தார், ஜப்பானின் வானத்தில் உயர்ந்து தாழும் சூரியனையும் செய்தார். இரண்டும் ஓடின. அந்தத் துறவிகள் சறுக்கிய இடம் இதுதான் என்பது என் கணிப்பு: எந்திரம் ஓடுவதைக் கொள்கைக்கான சான்றாக எடுத்துக்கொண்டார்கள். பற்களின் எண்ணிக்கையைச் சரியாகத் தேர்ந்துகொண்டால் எந்த அண்டத்தையும் ஓடவைக்கலாம். சாவி கொடுப்பவரின் நம்பிக்கையைப் பற்சக்கரம் சோதித்துப் பார்ப்பதில்லை. ஆனால் இதே காரணத்துக்காக வாதொகேயையும் மூடநம்பிக்கை என்று தள்ளுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. மணியின் நீளம் மனிதர்கள் கூடிச் செய்துகொண்ட ஒப்பந்தம். அதை அறுபது நிமிடமென்று வைத்தாலும் வெளிச்சத்தில் ஆறிலொன்று என்று வைத்தாலும் வானத்தில் எதுவும் பொய்யாகிவிடாது. மேரு அப்படியன்று, அது இருக்கிறது என்றால் எங்கேயாவது இருந்தாக வேண்டும். தானாகா வளைத்த இரண்டில் ஒன்று வளையக்கூடியதாக இருந்தது, மற்றொன்று இல்லை. அவருக்கு இந்த வேறுபாடு தெரிந்திருந்ததா என்பதற்கு அவர் கைவேலையில் அடையாளம் ஏதும் இல்லை. இரண்டிலும் ஒரே நேர்த்தி.

பழைய மணியை ஒழித்தது அறிவியல் விவாதம் எதுவுமன்று, சம்பளக் கணக்கு. எடோ ஆட்சிக்குப் பின் வந்த மெய்ஜி அரசு சந்திரப் பஞ்சாங்கத்தைக் கைவிட்டு, 1873 ஜனவரி 1 முதல் ஐரோப்பிய நாட்காட்டியையும் சரிசமமான 24 மணியையும் கொண்டுவந்தது. அறிவிப்புக்கும் அமலுக்கும் இடையே ஒரு மாதத்துக்கும் குறைவான அவகாசமே இருந்தது. பழைய கணக்கில் அடுத்த ஆண்டு அதிக மாதம் வந்து பதின்மூன்று மாதமாகியிருக்கும், அதிகாரிகளுக்குப் பதின்மூன்று சம்பளம் கொடுக்க வேண்டும், கஜானாவோ காலி. நாட்காட்டியை மாற்றியதில் அந்த அதிக மாதமும் போயிற்று, இரண்டே நாளில் முடிந்துபோன பழைய ஆண்டின் கடைசி மாதச் சம்பளமும் மிஞ்சியது. அப்போது அரசில் உயர் பொறுப்பில் இருந்த ஓகுமா ஷிகெனோபு பின்னாளில் இதை ஒளிவுமறைவில்லாமல் எழுதியிருக்கிறார். இருநூற்றைம்பது ஆண்டு வளர்ந்த வாதொகேய்கள் ஒரே இரவில் பழம்பொருள் ஆயின.

தானாகா அதே 1873-இல், எழுபதைத் தாண்டிய வயதில், டோக்கியோவுக்கு வந்து தந்திக் கருவிகள் செய்யத் தொடங்கினார். 1875-இல் கின்சாவில் அவர் திறந்த பட்டறை, பல கைகள் மாறிப் பின்னாளில் தோஷிபா ஆயிற்று. தந்திக்கம்பிகளுக்கு நடுவிலும் மேரு அவரை விடவில்லை. சாதா கைசெகி என்ற துறவி, மண்ணெண்ணெய் விளக்கு உள்ளிட்ட இறக்குமதிச் சரக்குகள் நாட்டைப் பாழாக்கும் என்று ஊர் ஊராகப் பேசித் திரிந்தவர், தட்டையான பூமியில் சூரியன் தாழ்வது போலத் தோன்றுவது தொலைவால் வரும் கண்மயக்கமே என்று ஒரு கோட்பாடு கட்டி, அதை ஓடும் எந்திரமாகச் செய்து தரும்படி அவரிடமே கேட்டார். தானாகா செய்து கொடுத்தார். அந்த எந்திரம் 1877-இல் உவேனோவில் நடந்த முதல் தேசியத் தொழிற்பொருட்காட்சியில், புதிய ஜப்பானின் இயந்திரங்களோடு காட்சிக்கு வைக்கப்பட்டது. அதை முரண்பாடு என்று அக்காலத்தவர் எத்தனை பேர் உணர்ந்தார்களோ, இன்று நாம் உணரும் அளவுக்கு இருந்திருக்காது என்று நினைக்கிறேன்.

இந்த வித்தை முற்றிலும் அழிந்துவிடவும் இல்லை. மசாஹிரோ கிகுனோ என்ற தனிக் கடிகாரக் கலைஞர், தானாகாவின் கடிகாரத்தால் உந்தப்பெற்று, தாமே நகரும் மணித்தகடுகளை ஒரு கைக்கடிகாரத்துக்குள் அடக்கி 2011-இல் செய்து காட்டினார். அத்தகைய கடிகாரம் ஒவ்வொன்றும் ஓர் ஊரின் அட்சரேகைக்கு என்றே செய்யப்பட வேண்டியது, ஏனென்றால் பகலின் நீளம் ஊருக்கு ஊர் வேறு. சென்னைக்கு ஒன்று செய்யச் சொன்னால் என்ன ஆகும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். உதயம் முதல் அத்தமனம் வரை ஆறாகப் பகுத்தால், பகல் மணி மார்கழியில் 113 நிமிடம், ஆனியில் 129 நிமிடம். ஆண்டு முழுவதற்கும் பதினாறு நிமிட வித்தியாசம். தகடுகள் நகர்வது கண்ணுக்கே தெரியாது. ஓஸ்லோவில் இருப்பவருக்குக் கொடுத்த காசுக்கு வேடிக்கை கிடைக்கும்; நமக்குத் தினசரிக் காலண்டர் போதும்.